முறைத் தண்ணீர்

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். அரசாங்க ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருப்பவளுக்கு அது இல்லாமல் காலம் தள்ள முடியாது என்று சொல்லிச் சொல்லியே ஓய்வு பெறும் வரை என்னைச் சமாதானப்படுத்திக்கொண்டேன். மெதுவாகச் சொன்னால் யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை. கத்தினால் கேட்கிறார்கள். கேட்பதோடு நிற்காமல் சொன்னபடியே செய்தும் விடுகிறார்கள் என்பது எனக்கு ஒரு நாள் பட்டப்பகலில் தெரிந்தது.

என் அக்கா மகளும் நர்ஸ்தான். உயிருக்குப் போராடுகிறவர்களுக்கு சலைன் ஏற்றுவது பற்றிப் புதிதாக வந்திருக்கும் வழிகாட்டுதல் என்று போன மாதம் கைப்பேசியில் எதையோ காட்டினாள். பக்கம் பக்கமாகப் போனது. எதை ஏற்றுவது, எவ்வளவு, எத்தனை நேரத்துக்குள், எப்போது நிறுத்துவது என்று எல்லாம் இருந்தது. நாங்கள் கண்ணை மூடிக்கொண்டு ஊற்றிய இடத்தில் இப்போது அளந்து ஊற்றச் சொல்கிறார்கள். ஒன்று மட்டும் மாறவில்லை. ஏற்றிவிட்டால் வேலை முடிந்துவிடவில்லை, திரும்பிப் போய் ஆளைப் பார் என்கிறார்கள். நாடியைப் பார், மூச்சைப் பார், சிறுநீர் இறங்கியதா பார். அந்த வரிக்கு மேல் நான் படிக்கவில்லை. கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஏன் சித்தி என்றாள். கண் கூசுகிறது என்றேன்.

இட ஒதுக்கீடு கேட்டு எங்கள் பக்கமெல்லாம் மறியல் நடந்த வருஷங்களில் நடந்தது இது. கள்ளக்குறிச்சியிலிருந்து கல்வராயன் மலைக்குப் போகிற வழியில், அடிவாரத்து ஊர் ஒன்றின் ஆரம்ப சுகாதார நிலையத்தில் நான் வேலை பார்த்தேன். நான்கு கட்டில், ஒரு பிரசவ அறை, ஓட்டு வராந்தா, வாசலில் ஒரு வேப்பமரம். மறியல் தொடங்கிய அன்று காலையிலேயே சாலையோரப் புளியமரங்களை வெட்டிக் குறுக்கே தள்ளிவிட்டார்கள். அந்த மரங்களின் பருமன் எங்கள் பக்கத்து ஆட்களுக்குத் தெரியும். ஒன்று விழுந்தால் கட்டை வண்டிகூடச் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும். பஸ் இல்லை, ஜீப் இல்லை, போனும் செத்துக் கிடந்தது. ஒரு கூட்டத்துக்கென்று முந்தின நாள் கள்ளக்குறிச்சிக்குப் போன டாக்டர் அங்கேயே மாட்டிக்கொண்டார். நிலையத்தில் மிஞ்சியது நானும் தரை கழுவுகிற அம்மாளும்தான்.

அவர்கள் கேட்டது நியாயமா இல்லையா என்ற பேச்சுக்குள் நான் போகவில்லை. படித்துவிட்டு வேலையில்லாமல் கிடந்த பிள்ளைகளின் வீடுகளை நானும் பார்த்தவள்தான். எனக்கு அன்று இருந்த கவலையெல்லாம் மருந்து அலமாரி பற்றியது. அதில் சலைன் பாட்டில் ஏழு இருந்தது. கண்ணாடி பாட்டில், ஒன்று அரை லிட்டருக்குச் சற்று அதிகம். வெறும் குளுக்கோஸ் ஒரு பெட்டி இருந்தது. ஜனங்களுக்கு இரண்டும் ஒன்றுதான். எதைத் தொங்கவிட்டாலும் "குளுக்கோஸ்" என்பார்கள். பேதியில் வற்றிப்போன ஆளுக்கு வெறும் குளுக்கோஸ் ஏற்றினால் உடம்பின் ரத்த ஓட்டத்துக்கு அது ஆகாது, உப்பு கலந்த சலைன்தான் நாடியை மீட்கும். எத்தனை முறை சொன்னாலும் இதை யாரிடமும் புரியவைக்க முடிந்ததில்லை.

டாக்டர் ஓர் அட்டையில் எழுதி வார்டு சுவரில் ஒட்டியிருந்தார். பேதியில் நாடி விட்டுப்போனால் முதல் அரை மணிக்குள் இரண்டு பாட்டில், சக்கரத்தை முழுக்கத் திறந்து. அடுத்த இரண்டரை மணிக்குள் இன்னும் ஐந்தாறு. கால் மணிக்கு ஒரு தரம் நாடி பார்க்க வேண்டும். சக்கரம் என்பது பாட்டிலிலிருந்து இறங்கும் குழாயில் இருக்கிற சின்ன உருளை. மேலே தள்ளினால் சொட்டு ஓடும், கீழே உருட்டினால் நிற்கும். அவ்வளவுதான் அந்தக் கருவி.

மறியலின் மூன்றாம் நாள் காலை பத்து மணி இருக்கும். ஒருவர் மாட்டு வண்டியில் தன் மனைவியைக் கொண்டுவந்தார். சொந்த ஊர் நைனார்பாளையம். நிலம் நீச்சு ஒன்றும் கிடையாது. அடிவாரத்தில் ஒருவருடைய கரும்புக்குத் தண்ணீர் பாய்ச்சும் வேலைக்காக மனைவியோடு வந்து, வயலோரக் கொட்டகையில் குடியிருந்தார். முந்தின நாள் மாலையிலிருந்து அவளுக்கு வாந்தியும் பேதியும். மலத்தின் நிறமே போய்க் அரிசி கழுவின தண்ணீராக இறங்கிக்கொண்டிருந்தது.

கண் இரண்டும் குழிக்குள் போயிருந்தது. வயிற்றுத் தோலைக் கிள்ளிவிட்டால் கிள்ளிய இடம் அப்படியே நின்றது. விரல் நுனியெல்லாம் நாள் முழுக்கத் துணி துவைத்தவள் விரல்போலச் சுருங்கியிருந்தது. மணிக்கட்டில் நாடி இல்லை. கெண்டைக்கால் இழுத்து இழுத்து முடிச்சுப் போட்டது, அதற்குக் கத்தவும் அவளுக்குத் தொண்டை இல்லை.

"இன்னாயா இவ்ளோ நேரம் பண்ணிக்கினு இருந்த? ராத்திரியே தூக்கியாந்திருக்கக் கூடாதா?" என்று ஒரு கத்து கத்தினேன்.

"ரோடெல்லாம் மரங்க. வாய்க்காங் கரையில சுத்திக்கினு வந்தேன் நர்சம்மா," என்றார்.

இடது கையில் நரம்பே கிடைக்கவில்லை. வலது முழங்கை மடிப்பில், இருந்ததிலேயே பெரிய ஊசியைக் குத்தியபோது நல்ல வேளையாக ரத்தம் வந்தது. உயரத்தில் இருந்தால் வேகமாக இறங்கும் என்று ஸ்டூல் மேல் ஏறி ஜன்னல் கம்பியின் உச்சியில் பாட்டிலைக் கட்டினேன். சக்கரத்தை முழுக்கத் திறந்துவிட்டேன். சொட்டாக இல்லை, கோடாகவே இறங்கியது. அந்த மனிதர் வாயைத் திறந்தபடி அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பாட்டில் காலியாகும் வேகம் அவருக்குப் பயமாக இருந்திருக்க வேண்டும். "அவ்ளோ ஜாஸ்தியா வுடறீங்களே, தாங்குமாங்க?" என்றார். தாங்கும், சும்மா இரு என்றேன்.

இரண்டாவது பாட்டில் முடிகிறபோது மணிக்கட்டில் நூல்போல ஒரு துடிப்பு வந்தது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. அந்த வேலையில் இருந்தவர்களுக்குத்தான் அந்தச் சந்தோஷம் தெரியும். மூன்றாவது பாட்டிலை மாட்டினேன். அவள் கண்ணைத் திறந்து புருஷனைத் தேடி, "மாட்டுக்குத் தண்ணி காட்டினியா?" என்று கேட்டாள். அவர் சிரித்தார், சிரித்துக்கொண்டே அழுதார்.

அந்தத் தெம்பில் என்னிடம் தன் வேலையைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். ஒரே கிணறு, நிலத்துக்காரரோடு சேர்த்து நான்கு பங்காளிகள். முறை வைத்துத் தண்ணீர். மண்வெட்டியோடு வரப்பில் நின்று மடை திறப்பதும் அடைப்பதும் தண்ணீர்க்காரரான இவர் பொறுப்பு. நாலு பங்காளிக்கும் இவர் ஒருவர்தான் நம்பிக்கையான ஆள். எங்கள் பக்கத்தில் முறைத் தண்ணீருக்காகக் கை வெட்டிய கதைகள் உண்டு. இவர் நின்ற வரப்பில் ஒரு சண்டை வந்ததில்லையாம்.

"கடைசி பாத்தி வரைக்கும் ஈரம் ஏறிச்சின்னா போதுங்க. அதுக்கு மேல ஒரு நிமிசம் வுட மாட்டேன். அடுத்தவன் பயிரு காயுமில்ல?" என்றார்.

எனக்கு அதைக் கேட்க நேரமில்லை. உம் கொட்டினேன்.

அப்போதுதான் மலையிலிருந்து ஒரு பெண்ணை முதுகில் சுமந்துகொண்டு அவள் அண்ணன் வந்தார். அவளுக்கும் பேதிதான். ஆனால் நாடி திடமாக இருந்தது, நாக்கில் ஈரம் இருந்தது, கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னாள். உப்பு சர்க்கரைக் கரைசல் ஒரு குடம் கரைத்து, டம்ளர் டம்ளராகக் குடிக்கச் சொன்னேன். அண்ணனுக்கு அது பிடிக்கவில்லை. மலையிறங்கி அத்தனை தூரம் சுமந்துவந்தவருக்கு ஒரு குடம் தண்ணீரைக் காட்டினால் எப்படிப் பிடிக்கும்? பக்கத்துக் கட்டிலைக் காட்டி, "அந்தம்மாவுக்கு மட்டும் பாட்டில் பாட்டிலா ஏத்தறீங்க. நாங்க மலைக்காரங்கன்னா ஒண்ணுகூட இல்லிங்களா?" என்று கேட்டார்.

அந்தக் கேள்வியில் இருந்த வலி இன்று எனக்குப் புரிகிறது. அன்று ஆத்திரம்தான் வந்தது. காலையிலிருந்து வராந்தாவில் பத்துப் பேர், உடம்பு அசதி, ஒரு குளுக்கோஸ் போடுங்க என்று நச்சரித்ததெல்லாம் சேர்ந்து வெளியே வந்தது. இடுப்பில் கையை வைத்துக்கொண்டு வார்டே அதிரக் கத்தினேன்.

"இருந்ததே ஏழு பாட்டிலு! ரோடு தெறக்கற வரைக்கும் வேற வராது. எல்லாத்தியும் ஒருத்தருக்கே ஊத்திட்டா மத்தவங்க வாயில மண்ணா? அந்தம்மாவுக்கு முடியட்டும், அப்பறம் உங்கள பாக்கறேன். அது வரைக்கும் கம்முனு இருங்க!"

அண்ணன் அடங்கிவிட்டார். எனக்குத் திருப்தியாக இருந்தது. உண்மையில் நான் மனதில் முடிவு செய்திருந்தது வேறு. தேவைப்பட்டால் ஏழு பாட்டிலையும் தண்ணீர்க்காரர் மனைவிக்கே ஏற்றிவிடுவது என்று இருந்தேன். மலைப் பெண்ணுக்கு ஊசியே வேண்டியதில்லை. இதை யாரிடமும் சொல்லவில்லை. அன்று காலை முழுக்க வாய் ஓயாமல் பேசியவள், சொல்ல வேண்டிய அந்த ஒன்றை மட்டும் சொல்லவில்லை.

அடுத்த பத்தாவது நிமிஷம் ஒரு பிரசவ கேஸ் வந்தது. தலை தெரிந்துவிட்டது. நான் ஓட வேண்டியிருந்தது. எங்கள் எல்லோருடைய வழக்கமும் ஒன்றுதான்: பாட்டிலைப் பார்த்துக்கொள்ளும் வேலையைக் கூட வந்தவரிடம் விட்டுவிடுவோம். நானும் தண்ணீர்க்காரரிடம், "பாட்டிலு காலியாவற மாதிரி இருந்தா ஒடனே என்னை கூப்புடு. அசந்துடாத," என்று சொல்லிவிட்டுப் போனேன். சுவரில் அட்டை கால் மணிக்கு ஒரு தரம் என்று சொல்லிக்கொண்டிருந்தது. பாட்டில் முடிய இருபது நிமிஷம் ஆகும், அப்போது அவர் கூப்பிடுவார், அப்போது பார்த்துக்கொள்ளலாம் என்பது என் கணக்கு.

கொடி சுற்றிய குழந்தை. நஞ்சுக்கொடி இறங்க நேரமாயிற்று, ரத்தப் போக்கு கொஞ்சம் அதிகம். தாயின் அடிவயிற்றை அழுத்திப் பிடித்துக்கொண்டு நின்றேன். நடுவில் ஒருமுறை, இன்னும் கூப்பிடவில்லையே என்று தோன்றியது. கூப்பிடாவிட்டால் பாட்டில் ஓடிக்கொண்டிருக்கிறது என்றுதானே அர்த்தம் என்று நினைத்துக்கொண்டேன். தரை கழுவும் அம்மாளை அனுப்பிப் பார்க்கச் சொல்லியிருக்கலாம். அவரும் என் பக்கத்தில் வெந்நீர்ச் சட்டியோடு நின்றுகொண்டிருந்தார்.

கை கழுவிக்கொண்டு நான் வார்டுக்கு வந்தபோது ஒன்றரை மணி நேரம் ஆகியிருந்தது.

முதலில் கண்ணில் பட்டது பாட்டில். நான் விட்டுப்போனபோது இருந்ததில் கொஞ்சம்தான் குறைந்திருந்தது. குழாயில் அசைவில்லை. சக்கரம் அடிவரை உருட்டி இறுக்கியிருந்தது. கட்டிலுக்கு அடியில் வைத்த வாளி நிறைந்து தரையில் வழிந்திருந்தது. அவர் தலைமாட்டில் உட்கார்ந்து துண்டால் மெதுவாக விசிறிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் உதட்டில் விரலை வைத்தார்.

"இப்பதாங்க அசந்து தூங்குது. காலு இழுக்கறதுகூட நின்னுடுச்சி," என்று குசுகுசுத்தார்.

மணிக்கட்டைப் பிடித்தேன், கழுத்தைத் தொட்டேன், மார்பில் காதை வைத்தேன். அதற்குப் பிறகு நான் செய்தது எதுவும் வரிசையாக நினைவில் இல்லை. சக்கரத்தைத் திறந்தேன், இறங்கவில்லை. ஊசியில் ரத்தம் உறைந்துபோயிருந்தது. வேறு ஊசி, வேறு கை, கால், கணுக்கால். தோலுக்குக் கீழே எங்கேயும் ஒன்றும் கிடைக்கவில்லை. மார்பை அழுத்தினேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. தரை கழுவும் அம்மாள் என் தோளைப் பிடித்து நிறுத்தினார்.

"யாரு... யாருய்யா மூடுனது இத?"

"நாந்தாங்க," என்றார். ஒளிக்கிற குரலே இல்லை. "கண்ணு முழிச்சி பேசிடுச்சில்லிங்களா. உசுரு கடைசி வரைக்கும் ஏறிடுச்சின்னு தெரிஞ்சிபோச்சி. நீங்க வேற சொன்னீங்க, எல்லாத்தியும் ஒருத்தருக்கே ஊத்தக் கூடாதுன்னு. அதான் எங்களுது போதும்னு அடைச்சிட்டேன். மீதிய அந்த மலைக்கார அம்மாவுக்கு ஏத்துங்க."

நான் திரும்பிப் பார்த்தேன். மலைக்காரப் பெண் கட்டிலில் இல்லை. குடத்தில் பாதியைக் குடித்துவிட்டு வேப்பமர நிழலில் அண்ணனோடு உட்கார்ந்து, தலையைப் பின்னிக்கொண்டிருந்தாள்.

அந்த மாதிரி ஓர் அதிர்ச்சியை நான் அதற்கு முன்னும் அனுபவித்ததில்லை, பின்னும் இல்லை. சாவை நிறையப் பார்த்திருக்கிறேன். அசட்டையால் செத்தவர்கள், குடியால், வறுமையால் செத்தவர்கள். ஒருவருடைய நேர்மையால் இன்னொருவர் சாவதை அன்றுதான் பார்த்தேன். உடம்பு பாத்தி இல்லை, அது அடியில் ஓட்டை விழுந்த பானை, உள்ளே போகிறதைவிட வேகமாக வெளியே போய்க்கொண்டிருக்கிறது, அதனால் நிறுத்தவே கூடாது என்று அவருக்கு யார் சொன்னார்கள்? பாட்டில் முடிந்தால் கூப்பிடு என்றேன். பாட்டில் முடியவே இல்லை, அவர் கூப்பிடவும் இல்லை. நான் சொன்னதை ஓர் எழுத்து பிசகாமல் செய்திருந்தார்.

அவள் செத்துவிட்டாள் என்று சொன்னேன். அவருக்கு அது உள்ளே இறங்க வெகுநேரம் பிடித்தது. மறுபடி மறுபடி அவள் காலைப் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தார். கடைசியில் என்னை நிமிர்ந்து பார்த்துக் கேட்டார்.

"ரோடு தெறந்திருந்தா, டாக்டரு வந்திருந்தா, பொழைச்சிருக்குமாங்க நர்சம்மா?"

சக்கரம் அவர் பின்னால் தொங்கிக்கொண்டிருந்தது. உன் கைதான் காரணம் என்று சொல்ல முடியுமா? சரி, என் வாய்தான் காரணம் என்று சொல்லியிருக்கலாம். ஆளைத் திரும்பி வந்து பார்க்காதது நான்தான் என்று சொல்லியிருக்கலாம். சொல்ல மூன்று நான்கு சொற்கள்தான் வேண்டியிருந்தன.

"பொழைச்சிருக்கும்," என்றேன். "ரோட்ட மறிச்சதாலதான் இப்பிடி ஆச்சி."

கேஸ் தாளில், கொண்டுவரும்போதே மிக மோசமான நிலை என்று எழுதினேன். அது பொய் இல்லை, முழு உண்மையும் இல்லை. உடலை மாட்டு வண்டியில் ஏற்றி அதே வாய்க்கால் கரை வழியாக நைனார்பாளையத்துக்குக் கொண்டுபோனார். மறியலால் ஒரு பெண் செத்துவிட்டாள் என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். நான் மறுக்கவில்லை. அந்த மனிதரை ஆயுசுக்கும் வதைக்கிற உண்மையிலிருந்து காப்பாற்றிவிட்டதாக எனக்கு நானே சொல்லிக்கொண்டு சாப்பிட்டேன், தூங்கினேன்.

மரங்களை அப்புறப்படுத்திச் சாலை திறந்து மூன்று வாரம் போயிருக்கும். புறநோயாளிகள் நேரம், காலை. வேட்டியெல்லாம் ரத்தமாக ஒருவரை இரண்டு பேர் தாங்கிக்கொண்டு வந்தார்கள். தலையில் நீளமாகப் பிளந்திருந்தது. துடைத்த பிறகுதான் முகம் தெரிந்தது. தண்ணீர்க்காரர்.

டாக்டர் பார்த்துவிட்டுத் தையல் போடச் சொல்லி என்னிடம் அனுப்பினார். முடியை மழித்து, மரத்துப்போகும் ஊசி போட்டேன்.

"இன்னா ஆச்சி? யாரு அடிச்சது?"

"எங்க நெலத்துக்காரரோட மச்சான் ஒருத்தருங்க," என்றார். வலியைக் காட்டாமல் சாதாரணமாகத்தான் பேசினார். "அவருதாங்க அன்னிக்கி மரம் வெட்டினாரு. நேத்து வரைக்கும் எனுக்கு தெரியாது. இன்னிக்கி கெணத்து மேட்டுல அவரே பெருமையா சொல்லிக்கினு இருந்தாரு. எனுக்கு பொறுக்கலிங்க. நீங்க வெட்டின மரந்தான்யா எம் பொஞ்சாதிய கொன்னுதுன்னு மூஞ்சிக்கி நேரா கேட்டுட்டேன்."

ஊசி என் கையில் நின்றது.

"எவன்டா சொன்னது அப்பிடின்னு கேட்டாரு. நர்சம்மாவே எங்கிட்ட சொன்னாங்கன்னேன். அதுக்குத்தான் அடிச்சாங்க. இனிமே மடைக்கி வர வேணாம்னுட்டாங்க. கொட்டாயையும் காலி பண்ணச் சொல்லிட்டாங்க."

முதல் தையலைப் போட்டேன். இரண்டாவதைப் போட்டேன். பாட்டிலை மூடச் சொன்ன அதே வாய்தான் மண்டையையும் உடைத்திருக்கிறது. இந்த மனிதர் என் பேச்சை வேதவாக்காக எடுத்துக்கொண்டு இரண்டு முறை நடந்தார், இரண்டு முறையும் எல்லாவற்றையும் இழந்தார். இப்போதாவது சொல்லிவிடு என்று உள்ளே ஒன்று அடித்துக்கொண்டது. டாக்டர் பக்கத்து அறையில்தான் இருந்தார். கதவு திறந்திருந்தது.

அவர் தலையைத் திருப்பி என் முகத்தைப் பார்க்க முயன்றார்.

"நான் கேட்டது நாயந்தானங்கம்மா?"

"தலைய ஆட்டாதீங்க," என்றேன். "இன்னும் ரெண்டு தையல் இருக்குது."